யாரை யாரோடு சேர்த்துக் கணக்கிடுவது? இலங்கையின் 2011 உயர்தர இசட் புள்ளிச் சிக்கல்: ஒரு நிகழ்வு ஆய்வு

பல்கலைக்கழக அனுமதியைத் தீர்மானிக்கும் க.பொ.த. உயர்தரப் பரீட்சை 2011 ஓகஸ்டில் நடந்தது. அதன் பெறுபேறுகள் அந்த ஆண்டு டிசெம்பர் இறுதியில் வெளிவந்தன. வந்த கையோடு மாவட்டநிலை, தீவுநிலைகளில் (மாணவர் தம் மாவட்டத்திலும் தீவு முழுவதிலும் எத்தனையாவது என்ற வரிசையில்) பிழை இருப்பது தெரிந்தது. விசாரிக்கக் குழு போட்டார்கள், நிலைகளைத் திருத்தினார்கள். ஆனால் நிலைகளைத் திருத்தியதோடு தீரக்கூடிய பிழையாக அது இருக்கவில்லை. அடியில் இருந்த இசட் புள்ளியே, அதாவது பாடச் சராசரியோடு ஒப்பிட்டு மாணவரை வரிசைப்படுத்தும் எண்ணே, தவறான முறையில் கணிக்கப்பட்டது என்று மாணவர்கள் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுத் தாக்கல் செய்தார்கள். 2012 ஜூனில் நீதிமன்றம் அந்தக் கணிப்பை இரத்துச் செய்து, புதிதாகக் கணிக்கும்படி கட்டளையிட்டது. நாட்டின் மிகப் பெரிய போட்டிப் பரீட்சை ஒன்றின் முடிவு, வெளியாகி ஆறு மாதம் கழிந்தபின் செல்லாமல் போனது.

இலங்கைக் கல்வி எந்த நிலையில் இருக்கிறது என்று அறிய விரும்புவோருக்கு இந்த ஒரு நிகழ்வு போதும். எழுத்தறிவு 92 வீதத்துக்கு மேல்; முதலாம் தரம் முதல் பட்டம் வரை கட்டணம் இல்லை; 1945 முதல் இருந்துவரும் பெருமை அது. அதே நாட்டில், அண்மைய ஆண்டுகளில் பல்கலைக்கழகத்துக்குத் தகுதி பெறுவோர் ஒன்றரை லட்சத்துக்கும் மேல். இடம் கிடைப்பது 40,000 சொச்சம் பேருக்கு. இந்த இடைவெளியை யார் தாண்டுவது என்பதை நான்கு தசம தானத்துக்குக் கணித்த ஓர் எண் முடிவு செய்கிறது. அந்த எண் எப்படிப் பிறக்கிறது, 2011இல் எங்கே உடைந்தது, சரியாகக் கணித்தாலும் அதனால் எதைத் தொட முடியாது என்பவற்றைப் பார்ப்போம்.

கணக்கு எப்படி நடக்கிறது

உயர்தரத்தில் மூன்று பிரதான பாடங்கள். மூன்றிலும் ஒரே அமர்வில் குறைந்தது எஸ் சித்தி (மிகத் தாழ்ந்த சித்தித் தரம்) வேண்டும். பொதுச் சாதாரண பரீட்சையில் 30 புள்ளி வேண்டும். இவை இருந்தால் விண்ணப்பிக்கலாம், அவ்வளவுதான். அதற்குப் பிறகு எல்லாம் இசட் புள்ளி.

ஒவ்வொரு பாடத்துக்கும் அந்தப் பாடத்தை எழுதிய எல்லோருடைய சராசரியும் நியம விலகலும் (புள்ளிகள் சராசரியைச் சுற்றி எவ்வளவு பரந்திருக்கின்றன என்ற அளவு) எடுக்கப்படும். மாணவரின் புள்ளியிலிருந்து சராசரியைக் கழித்து, விலகலால் வகுத்தால் அந்தப் பாடத்தின் இசட் புள்ளி. மூன்று பாடங்களின் இசட் புள்ளிகளைக் கூட்டி மூன்றால் வகுத்தால் இறுதி எண்.

கணக்கு விளங்குவதற்காகச் சில எண்களை வைத்துக்கொள்வோம். உயிரியலில் சராசரி 46, விலகல் 16. இரசாயனவியலில் 40, 15. பௌதிகவியலில் 35, 16. விவசாய விஞ்ஞானத்தில் 55, 14. ஒரு மாணவி உயிரியலில் 70, இரசாயனவியலில் 64, பௌதிகவியலில் 67 எடுக்கிறார். பாடவாரியாக 1.5, 1.6, 2.0, சராசரி 1.7000. இன்னொருவர் முதல் இரண்டு பாடங்களிலும் அதே புள்ளி. மூன்றாவதாகப் பௌதிகவியலுக்குப் பதில் விவசாய விஞ்ஞானத்தில் 69. அவருடைய எண்கள் 1.5, 1.6, 1.0, சராசரி 1.3667. வெறும் கூட்டுத்தொகை பார்த்தால் முதலாமவருக்கு 201, இரண்டாமவருக்கு 203. கூட்டலில் பின்தங்கியவர் இசட் புள்ளியில் வெகுதூரம் முன்னே நிற்கிறார்.

இசட் புள்ளி வந்ததே இதற்காகத்தான். 2000 வரை நான்கு பாடங்களுக்கு 400 புள்ளி என்று வெறுமனே கூட்டினார்கள். கடினமான பாடம் எடுத்தவரும் இலகுவான பாடம் எடுத்தவரும் ஒரே தராசில் ஏறினார்கள். பாடங்கள் மூன்றாகக் குறைந்த காலத்தில், 2001 தொடக்கம் இசட் முறை நடைமுறைக்கு வந்தது. பாடங்களின் கடினம் ஒன்றுக்கொன்று வேறுபடும்போது மூலப் புள்ளியைக் கூட்டுவது பிழை. அந்தப் பிழையை இசட் முறை உண்மையாகவே திருத்தியது, அதில் ஐயமில்லை.

ஆனால் இந்தத் திருத்தத்துக்குள் ஒரு நம்பிக்கை மறைந்திருக்கிறது. பௌதிகவியலின் சராசரி 35 ஆகவும் விவசாய விஞ்ஞானத்தின் சராசரி 55 ஆகவும் இருப்பது வினாத்தாளின் கடினத்தால் மட்டுமே. இரு பாடங்களையும் எழுதும் இரு கூட்டங்களும் திறமையில் சமம். சூத்திரம் வாய் திறந்து சொல்லாவிட்டாலும் அதன் நம்பிக்கை இதுவே. உண்மையில் கூட்டங்கள் சமமாக இருப்பதில்லை. திறமையான மாணவர்களே பெரும்பாலும் எடுக்கும் பாடத்தில் சராசரி ஏறும். அங்கே நன்றாக எழுதியவருக்கும் இசட் புள்ளி குறையும். பலவீனமானவர்கள் நிறையச் சேரும் பாடத்தில் நடுத்தர மாணவரும் பளிச்சென்று தெரிவார். ஒரு பாடத்தை நூற்றுக்கணக்கானோர் மட்டுமே எழுதினால், எந்தப் பாடசாலைப் பிள்ளைகள் அந்த ஆண்டு அதை எடுத்தார்கள் என்பதே சராசரியை அசைத்துவிடும்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். மேலே எடுத்த எண்களில் பௌதிகவியலின் ஒரே ஒரு புள்ளி, இறுதி எண்ணில் 0.0208. இடம் கிடைப்பதற்கான கடைசி எல்லையான வெட்டுப்புள்ளிகளுக்கு அருகில் மாணவர்கள் நெருக்கியடித்து நிற்பார்கள். இரண்டாம், மூன்றாம் தசமத்தில் மருத்துவம் கைநழுவிப் போன வீடுகள் எல்லா மாவட்டங்களிலும் உண்டு. ஒரு கட்டுரை வினாவைத் திருத்தும் இருவர் ஒரு புள்ளி முன்பின் கொடுப்பது இயல்பு. எனவே நான்காம் தசமம் என்பது வரிசையில் ஆட்களைப் பிரித்து நிறுத்த உதவும் ஒரு வசதி. அந்த அளவுக்குத் துல்லியமாகத் திறமையை அளந்துவிட்டோம் என்று அதைப் படிக்கக் கூடாது.

மொழிபெயர்ப்பும் இதே கதைதான். ஒரே வினாத்தாள் மூன்று மொழிகளில் வருகிறது. தமிழ்ப் பிரதியில் ஒரு வினா தெளிவில்லாமல் அமைந்தால், தமிழில் எழுதியவர்கள் மட்டும் அந்தப் புள்ளியை இழப்பார்கள். பாடத்தின் சராசரி எல்லா மொழியினரையும் சேர்த்து எடுக்கப்படுவதால் சூத்திரத்துக்கு அது தெரியவே தெரியாது.

கூட்டம் பிரிப்பதன் பழைய வரலாறு

ஆக, கழித்தலும் வகுத்தலும் யாருக்கும் தகராறில்லை. யார் யாரை ஒரே கூட்டமாக எடுத்துச் சராசரி காண்பது என்பதில்தான் தகராறு. இலங்கையில் இந்தக் கேள்விக்கு ஏறத்தாழ 40 ஆண்டு முன்வரலாறு இருந்தது. அதை அறியாமல் 2011ஐ எடைபோட முடியாது.

1970இல் ஆட்சிக்கு வந்த அரசு, பல்கலைக்கழக அனுமதியில் மொழிக்கு ஒரு வெட்டுப்புள்ளி வைத்தது. 400க்கு, பொறியியலுக்குச் சிங்கள மொழிமூல மாணவருக்கு 227 போதும். தமிழ் மொழிமூல மாணவருக்கு 250 வேண்டும். மருத்துவத்துக்கு 229உம் 250உம். தமிழ்த் திருத்துநர்கள் புள்ளியை வாரி வழங்குகிறார்கள் என்ற சந்தேகம் காரணமாகச் சொல்லப்பட்டது. அது நிரூபிக்கப்படவே இல்லை. அந்த ஆண்டே இதை எதிர்த்துத் தமிழ் மாணவர் பேரவை உருவானது.

1973இல் இரு வெட்டுப்புள்ளிகளுக்குப் பதிலாகத் தரப்படுத்தல் வந்தது. ஒவ்வொரு பாடத்திலும் ஒவ்வொரு மொழிமூலத்தாரின் புள்ளிகளையும் தனித்தனியாக எடுத்து, ஒரே சராசரிக்கும் ஒரே பரம்பலுக்கும் கொண்டுவந்தார்கள். கணித அளவில் இது இசட் புள்ளியின் நெருங்கிய உறவு. கழிப்பதும் வகுப்பதும் அதே. வேறுபாடு கூட்டத்தில் இருந்தது: மொழியே கூட்டமானது. ஒரே வினாத்தாள், ஒரே பாடத்திட்டம், ஆனால் இரு சராசரிகள். சராசரியில் ஏற்படும் வித்தியாசம் திருத்துநரின் தாராளத்தாலா, படிப்பித்தலின் தரத்தாலா, யார் பரீட்சைக்குத் தோற்றினார்கள் என்பதாலா என்று கேட்காமல், முழு வித்தியாசத்தையும் துடைத்துவிடும் கணக்கு அது. 1974இல் அதன்மேல் மாவட்ட ஒதுக்கீடும் ஏறியது. பொறியியலிலும் மருத்துவத்திலும் தமிழ் மாணவர் பங்கு செங்குத்தாக விழுந்தது. யாழ்ப்பாணத்தின் ஒரு தலைமுறை இளைஞர்கள் அரசியலுக்குள்ளும் பின்னர் ஆயுதத்துக்குள்ளும் போனதற்கான காரணங்களில் தரப்படுத்தலை விட்டுவிட்டு எழுதப்பட்ட வரலாறு ஒன்றும் இல்லை.

இன்னொரு பக்கமும் உண்டு, அதையும் மறைக்கக் கூடாது. மாவட்ட ஒதுக்கீடு வந்தபின் மன்னாரிலிருந்தும் மட்டக்களப்பிலிருந்தும் மொனராகலையிலிருந்தும் பிள்ளைகள் பல்கலைக்கழகம் போகத் தொடங்கினார்கள். யாழ்ப்பாணத்துக்கு அநியாயமாய் முடிந்த அதே விதி, வன்னிக்குக் கதவு திறந்தது. 1977இல் ஆட்சி மாறியபின் மொழிவாரித் தரப்படுத்தல் ஒழிந்தது. மாவட்ட முறை வேறு வேறு விகிதங்களில் தொடர்ந்தது. 1978ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கப் பல்கலைக்கழகச் சட்டம் மானியங்கள் ஆணைக்குழுவை உருவாக்கி அனுமதியை அதன் கையில் கொடுத்தது.

2011இல் உடைந்த இடம்

2009இல் தரம் 12க்குப் புதிய பாடத்திட்டம் வந்தது. அதன் முதல் அணி 2011இல் பரீட்சை எழுதியது. உயர்தரத்துக்கு மூன்று தடவை தோற்றலாம். 2010இல் பழைய பாடத்திட்டத்தில் எழுதி, இடம் கிடைக்காமல் செகண்ட் ஷை, தேர்ட் ஷை என்று இரண்டாம், மூன்றாம் தடவையாகத் திரும்ப வந்தவர்கள் பழைய பாடத்திட்டத்திலேயே 2011இலும் எழுதினார்கள். எனவே ஒரே பாடப் பெயரில் இரு வினாத்தாள்கள், இரு பரீட்சார்த்திக் கூட்டங்கள். பல்கலைக்கழக இடங்கள் மட்டும் ஒரே தொகுதி.

பரீட்சைத் திணைக்களம் இரு கூட்டங்களையும் ஒன்றாய்க் கலந்து, பாடத்துக்கு ஒரு பொதுச் சராசரியும் ஒரு பொது விலகலும் எடுத்தது. விளைவை எண்களில் பார்ப்போம். இவையும் விளக்கத்துக்கு எடுத்தவைதான். புதிய வினாத்தாளில் சராசரி 45, பழையதில் 35, இரண்டிலும் விலகல் 15, இரு பக்கமும் சம எண்ணிக்கை என்று கொள்வோம். இரு பக்கத்திலும் ஒவ்வொருவர் 60 எடுக்கிறார்கள்.

தனித்தனியாகக் கணித்தால், புதிய பாடத்திட்டத்தவருக்கு 1.0000, பழையவருக்கு 1.6667. கலந்து கணித்தால் பொதுச் சராசரி 40, விலகல் 15.81, இருவருக்கும் 1.2649. கலப்பு முறை புதியவருக்கு 0.26 கூட்டிக் கொடுக்கிறது, பழையவரிடமிருந்து 0.40 பிடுங்குகிறது. ஒரு பாடத்தில் ஒரு புள்ளி இறுதி எண்ணில் 0.02ஐ அசைக்கும் வரிசையில், மூன்றால் வகுத்தபின்னும் இது எவ்வளவு பெரிய நகர்வு என்று சொல்லத் தேவையில்லை. கடினமான தாள் எந்தப் பாடத்தில் எந்தப் பக்கம் அமைகிறதோ, அந்தப் பக்கத்தவர் இழப்பார்கள்.

கலந்தது ஏன் பிழை? இரு வேறு வினாத்தாள்களின் மூலப் புள்ளிகள் ஒன்றுக்கொன்று சமம் என்று எடுத்துக்கொண்டால் மட்டுமே அவற்றுக்குப் பொதுச் சராசரி காண முடியும். அப்படிச் சமம் இல்லை என்பதுதான் இசட் முறையின் பிறப்புக் காரணமே. பௌதிகவியலையும் விவசாய விஞ்ஞானத்தையும் கலந்து சராசரி எடுக்க யாரும் துணியமாட்டார்கள். பழைய பௌதிகவியலும் புதிய பௌதிகவியலும் பெயரில் மட்டும் ஒன்று.

நீதிமன்றம் இதை ஏற்றது. இரு கூட்டங்களையும் இரு வேறு குடித்தொகைகளாக எடுத்துக் கணிக்கச் சொன்னது. இருந்த இரு வழிகளில் இது நல்ல வழி. ஆனாலும் இதுவும் முழுமையான தீர்வு இல்லை என்பதைப் பலர் அப்போது கவனிக்கவில்லை. தனித்தனியாகக் கணிக்கும்போது, முதல்முறை எழுதுவோரும் மீளத் தோற்றுவோரும் திறமையில் சமம் என்ற நம்பிக்கை உள்ளே வருகிறது. மீளத் தோற்றுவோர் யார்? மிகத் திறமையானவர்கள் முதல் தடவையிலேயே பல்கலைக்கழகம் போய்விட்டார்கள். ஆர்வமில்லாதவர்கள் விலகிவிட்டார்கள். மீந்திருப்பவர்கள் ஓராண்டு கூடுதலாக ரியூசனுக்குப் போய், கடந்தகால வினாத்தாள்களைக் கரைத்துக் குடித்த நடு, மேல்நடு மாணவர்கள். இந்தக் கூட்டம் முதல்முறைக் கூட்டத்தைவிட வலுவானதா, பலவீனமானதா? பழைய தாளின் சராசரி 35 என்றால் தாள் கடினமா, கூட்டம் பலவீனமா? சராசரியையும் விலகலையும் மட்டும் வைத்துக்கொண்டு இதற்கு விடை சொல்ல எவராலும் முடியாது. எத்தனை பேராசிரியர்களைக் கொண்ட குழு அமைத்தாலும் முடியாது; தேவையான தகவல் தரவுக்குள் இல்லை.

அந்தத் தகவலைப் பரீட்சைக்கு முன்னரே உள்ளே வைத்திருக்கலாம் என்பதுதான் மனதை வருத்துவது. பௌதிகவியலின் முதலாம் தாள் பல்தேர்வு வினாக்களால் ஆனது. இரு பாடத்திட்டங்களுக்கும் பொதுவான அலகுகளிலிருந்து அவற்றில் 15 வினாக்களை இரு தாள்களிலும் அப்படியே வைத்திருந்தால், இரு கூட்டத்தாரும் ஒரே வினாவுக்கு எப்படி விடையளித்தார்கள் என்பது தெரிந்திருக்கும். பொது வினாக்களில் இரு கூட்டமும் சமமாகச் செய்து, மற்ற வினாக்களில் ஒரு கூட்டம் சறுக்கினால், தாள்தான் கடினம். பொது வினாக்களிலேயே ஒரு கூட்டம் பின்தங்கினால், கூட்டம் பலவீனம். அந்த அளவை வைத்து இரு தாள்களையும் ஓர் அளவுகோலுக்குக் கொண்டுவரலாம். பொது வினாக்களை நங்கூரமாக வைக்கும் இந்த முறை, பெரும் பரீட்சைகள் நடத்தும் நிறுவனங்கள் பல பத்தாண்டுகளாகக் கையாள்வது. பொது வினாக்கள் தாளின் எல்லா அலகுகளையும் தொட வேண்டும். இரு தாள்களிலும் ஏறத்தாழ ஒரே இடத்தில் வர வேண்டும். முன்னைய ஆண்டுத் தாள்களில் வந்தவையாக இருக்கக் கூடாது, ஏனென்றால் மீளத் தோற்றுவோர் அவற்றை ஏற்கெனவே செய்து பார்த்திருப்பார்கள்.

மீள்கணிப்புப் பெறுபேறுகள் ஜூலையில் வந்தன. முதல் பட்டியலில் மேலே இருந்த சிலர் கீழே போனார்கள். கீழே இருந்தவர்கள் மேலே வந்தார்கள். இரு தரப்பும் தம் பக்கத்தில் நியாயத்தோடு நின்றன. கடைசியில் மேலதிக இடங்கள் ஒதுக்கியே பிரச்சினையை அடக்க முடிந்தது. அந்த மேலதிக மாணவர்களுக்கு விடுதியும் ஆய்வுகூடமும் விரிவுரையாளரும் எங்கிருந்து வருவது என்பதைப் பல்கலைக்கழகங்களே பார்த்துக்கொள்ள வேண்டியதாயிற்று. அதே ஜூலையில் பல்கலைக்கழக ஆசிரியர் சங்கங்களின் சம்மேளனம் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 6 வீதத்தைக் கல்விக்கு ஒதுக்கக் கோரி வேலைநிறுத்தம் தொடங்கியது; அது ஏறத்தாழ 100 நாள் நீடித்தது. நாடு கல்விக்குச் செலவிடுவது 2 வீதத்தை ஒட்டித்தான். இந்த இரண்டையும் தனித்தனிச் செய்திகளாகப் படித்தவர்கள் அதிகம். இடங்கள் போதாமல் இருப்பதனால்தான் தசமங்கள் நீதிமன்றம் வரை போகின்றன.

2019இல் மறுபடியும் பாடத்திட்டம் மாறி, பழையதும் புதியதும் ஒரே ஆண்டில் வந்தன. இந்த முறை கலக்கவில்லை. இரு பாடத்திட்டத்தாருக்கும் தனித்தனி வெட்டுப்புள்ளிகள் வெளியாயின. பாடம் படித்திருந்தார்கள் என்றுதான் சொல்ல வேண்டும். இரு கூட்டங்களின் திறமையை ஒப்பிடும் கேள்வி மட்டும் அப்படியே நின்றது.

மாவட்டம் என்ற அளவுகோல்

இசட் புள்ளி சரியாக வந்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். அடுத்த கட்டம் ஒதுக்கீடு. பெரும்பாலான கற்கைநெறிகளுக்கு 40 வீத இடங்கள் தீவளாவிய திறமை அடிப்படையில். 55 வீதம் 25 மாவட்டங்களுக்கும் சனத்தொகை விகிதப்படி. 5 வீதம் கல்வியில் பின்தங்கியவை எனக் குறிக்கப்பட்ட 16 மாவட்டங்களுக்கு. அந்தப் பதினாறில் வடக்கு, கிழக்கின் எட்டு மாவட்டங்களும் அடங்கும். 1970களில் கல்வியில் முன்னேறியதென்று தண்டிக்கப்பட்ட யாழ்ப்பாணம் இன்று பின்தங்கியோர் பட்டியலில் இருக்கிறது. போர் என்ன செய்தது என்பதற்கு இதைவிடச் சுருக்கமான பதிவு கிடையாது.

ஆயிரம் இடங்களுள்ள ஒரு நெறியை எடுத்து, 2012 குடிசன மதிப்பீட்டின்படி பிரித்துப் பார்க்கலாம். நாட்டின் சனத்தொகை ஏறத்தாழ 2 கோடியே 3 லட்சத்து 60 ஆயிரம். 550 மாவட்ட இடங்களில் 23 லட்சம் பேர் உள்ள கொழும்புக்கு ஏறக்குறைய 63. 7 லட்சத்து 12 ஆயிரம் உள்ள நுவரெலியாவுக்கு 19. 5 லட்சத்து 84 ஆயிரம் உள்ள யாழ்ப்பாணத்துக்கு 16. 92 ஆயிரம் உள்ள முல்லைத்தீவுக்கு இரண்டரை. பின்தங்கிய மாவட்டங்களுக்கான 50 இடங்களில் நுவரெலியாவுக்கு இன்னும் 4, முல்லைத்தீவுக்கு அரை இடம். எல்லாம் சேர்த்து முல்லைத்தீவுக்கு ஆயிரத்தில் மூன்று.

முதலில் 400 திறமை இடங்களும் நிரப்பப்படும். அதில் இடம் பிடித்தவர்களை எடுத்துவிட்டு, மீதிப்பேரில் மாவட்டவாரியாக மேலிருந்து கீழே வருவார்கள். கடைசியாக இடம் கிடைத்தவரின் இசட் புள்ளிதான் அந்த மாவட்டத்தின் வெட்டுப்புள்ளி. முன்கூட்டியே நிர்ணயித்த எல்லை எதுவும் இல்லை. போன ஆண்டு வெட்டுப்புள்ளியைப் பார்த்து ‘எனக்குக் கிடைத்துவிடும்’ என்று நம்பியிருப்பது ஆபத்து என்பதை மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பதற்கான காரணம் இது.

எந்த மாவட்டம் என்பதைப் பரீட்சைக்கு முன் எந்த மாவட்டத்துப் பாடசாலையில் மூன்று ஆண்டு படித்தார் என்பதை வைத்து முடிவு செய்கிறார்கள். இதன் விளைவு எவருக்கும் தெரியும்: வெட்டுப்புள்ளி தாழ்ந்த மாவட்டத்துக்குப் பிள்ளையைக் காலத்தோடு இடம்மாற்றுவது. வசதியும் விவரமும் உள்ள பெற்றோர்தான் இதைச் செய்ய முடியும். அங்கே பிறந்து வளர்ந்த பிள்ளையின் இடம் அப்படிப் போகிறது.

இதைவிடப் பெரிய கோளாறு மாவட்டத்துக்குள்ளேயே இருக்கிறது. இலங்கையில் ஏறத்தாழ 10,100 அரசாங்கப் பாடசாலைகள். அவற்றில் உயர்தர விஞ்ஞான, கணிதப் பிரிவுகள் உள்ள 1ஏபி வகை ஏறத்தாழ ஆயிரம், பத்தில் ஒன்று. 1சி பாடசாலையில் உயர்தரம் உண்டு, ஆனால் கலையும் வர்த்தகமும்தான். வகை 2 பாடசாலை தரம் 11ஓடு முடிகிறது. வகை 3 ஆரம்பப் பிரிவோடோ தரம் 8ஓடோ நின்றுவிடுகிறது. நுவரெலியா மாவட்டத்தில் தோட்டப் பாடசாலைகள் 1970களில் தொடங்கித்தான் அரசிடம் வந்தன. அவற்றில் பல இன்றும் வகை 3. தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடான லயத்தில் வாழும் ஒரு பிள்ளை மருத்துவம் படிக்க நினைத்தால், முதலில் வகை 3இலிருந்து வெளியேற வேண்டும், பிறகு தரம் 11 முடிவில் எழுதும் சாதாரண தரப் பரீட்சையில் நல்ல பெறுபேறு எடுத்து, அற்றன் போன்ற ஒரு நகரத்து 1ஏபி பாடசாலையில் இடம் பிடிக்க வேண்டும், தங்குவதற்கோ தினமும் பயணிக்கவோ பணம் வேண்டும், தமிழ்மொழிமூலத்தில் உயிரியலும் இரசாயனவியலும் பௌதிகவியலும் கற்பிக்க ஆசிரியர் அங்கே இருக்க வேண்டும். இந்தப் படிகளில் ஒன்று தவறினாலும் அந்தப் பிள்ளை மாவட்ட ஒதுக்கீட்டின் விண்ணப்பதாரர் பட்டியலுக்கே வராது. நுவரெலியாவின் 23 இடங்கள் தோட்டத்தின் பெயரைச் சொல்லி வந்தவை. நிரம்புவது பெரும்பாலும் நகரத்துப் பிள்ளைகளால்.

கொழும்பிலும் இதுவே மறுபக்கமாய் நடக்கிறது. சேரிப்புறத்துப் பாடசாலைப் பிள்ளை, நாட்டின் மிக வசதியான பாடசாலைகளின் பிள்ளைகளோடு அதே 63 இடங்களுக்குப் போட்டியிடுகிறது. மாவட்டத்தின் சராசரி வளம் அந்தப் பிள்ளையின் மேல் எழுதப்பட்டுவிடுகிறது.

செய்யக்கூடியவை

முதலாவது, பரீட்சைப் பக்கம். பாடத்திட்டம் மாறும் ஆண்டு எது என்பது இரண்டு ஆண்டுக்கு முன்னரே தெரியும். அந்த ஆண்டுத் தாள்களில் பொது வினாக்கள் கட்டாயம் வேண்டும். எத்தனை, எந்த அலகிலிருந்து, எந்தச் சூத்திரத்தால் இரு தாள்களும் இணைக்கப்படும் என்பதைப் பரீட்சைக்கு முன் எழுத்தில் வெளியிட வேண்டும். பெறுபேறு வந்தபின் சூத்திரம் தெரிவு செய்தால், யார் தெரிவு செய்தாலும் யாருக்கோ சாதகமாய்ச் செய்ததாகவே படும். கணிப்பை ஒரு குழு செய்ய, மூலத் தரவிலிருந்து இன்னொரு குழு தனியாகச் செய்து ஒப்பிட வேண்டும். 2011இல் மாவட்டநிலைகளில் வந்த பிழைகள் இந்த ஒரு படியிலேயே பிடிபட்டிருக்கும். பாடவாரியாக, மொழிமூலவாரியாக, தடவைவாரியாகச் சராசரியும் விலகலும் பெறுபேற்றோடு சேர்ந்தே வர வேண்டும். வினா ஒவ்வொன்றுக்கும் மூன்று மொழியினரும் எப்படிச் செய்தார்கள் என்று பார்த்தால், மொழிபெயர்ப்பில் சறுக்கிய வினா தானாக வெளியே வந்து நிற்கும். அதை நீக்கிவிட்டுக் கணிக்கலாம்.

இரண்டாவது, ஒதுக்கீட்டின் அலகு. மாவட்டம் மிகப் பெரிய வலை. தமிழ்நாடு 2020இல் 6ஆம் வகுப்பு முதல் 12 வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு மருத்துவத்தில் 7.5 சதவீத உள் ஒதுக்கீடு கொடுத்தது. ஊரைப் பார்க்காமல் பள்ளியைப் பார்க்கும் முறை. இலங்கையில் ஏறத்தாழ எல்லாமே அரசாங்கப் பாடசாலை என்பதால் அதை அப்படியே எடுக்க முடியாது. ஆனால் பாடசாலை வகை கைவசம் இருக்கிறது. தரம் 6 முதல் 11 வரை வகை 2 பாடசாலையிலோ, தரம் 8 வரை வகை 3இலும் பின்னர் வகை 2இலுமோ படித்து, பிறகு 1ஏபி பாடசாலைக்கு வந்தவர் என்பதைப் பாடசாலைப் பதிவேட்டிலிருந்தே உறுதிசெய்யலாம். இன்றைய 5 வீதத்தை மாவட்டத்துக்குக் கொடுக்காமல் இந்தப் பிள்ளைகளுக்குக் கொடுத்தால், இடம்மாறி வந்து பிடிப்பது மிகக் கடினம். வசதியுள்ள எந்தப் பெற்றோரும் பிள்ளையை ஆறு ஆண்டு இப்படிப்பட்ட பாடசாலைகளில் விடமாட்டார்கள்.

மூன்றாவதுக்குப் பணம் வேண்டும், காலமும் வேண்டும். நுவரெலியா, முல்லைத்தீவு, மொனராகலை போன்ற மாவட்டங்களில் எந்தக் கோட்டத்தில் 1ஏபி பாடசாலை இல்லை, எந்த 1ஏபி பாடசாலையில் பௌதிகவியல், இரசாயனவியல், இணைந்த கணிதம் ஆகிய மூன்றுக்கும் நிரந்தர ஆசிரியர் இல்லை என்ற பட்டியல் வலயக் கல்வி அலுவலகங்களில் இருக்கிறது. ஆசிரியர் இடமாற்றத்தில் முதலில் நிரப்பவேண்டியது அந்த வெற்றிடங்களை. ஒரு பாடத்துக்கு ஆசிரியர் இல்லாத 1ஏபி பாடசாலையில் மற்ற இரு பாடங்களும் வீண்; மூன்றிலும் சித்தி இல்லாமல் இசட் புள்ளி எவ்வளவு உயர்ந்தாலும் விண்ணப்பிக்கவே முடியாது.